இன்கலாய் காயில் செட்: காயிலுக்கு நல்ல மார்க், கேஸ்கெட்டுக்கு முட்டை

கீசருக்குள் தண்ணீரைச் சூடாக்கும் 2000 வாட் காயில் செட் ஒன்று வாங்கி, மாட்டி, கொஞ்ச காலம் ஓடவும் விட்டாயிற்று. காயிலை மட்டும் கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு வாங்கலாம். கூட வந்த கேஸ்கெட்டை (தண்ணீர் ஒழுகாமல் அடைக்கும் வளையம்) கண்ணைத் திறந்துகொண்டே குப்பையில் போடலாம். ஆனோட் ராடு, அதாவது டேங்க் துருப்பிடிக்காமல் தான் கரைந்து காப்பாற்றும் கம்பி, இரண்டுக்கும் நடுவில். பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் போட்டிருக்கும் ‘மின்சாரம் மிச்சம்’ என்பது சும்மா. அதைப் பிறகு சொல்கிறேன்.

நான் வயரிங், ரிப்பேர் வேலை பார்ப்பவன். அடுத்தவர் வீட்டில் புது மேக் சாமானைப் போட்டுச் சோதனை பண்ணுகிற பழக்கம் எனக்கு இல்லை. சரியான சமயத்தில் அக்கா வீட்டு கீசர் மக்கர் பண்ணியது வசதியாகப் போயிற்று. 15 லிட்டர், சுவரில் நின்றவாக்கில் மாட்டும் வகை, உள்ளே கண்ணாடிப் பூச்சு கொடுத்த இரும்பு டேங்க்.

“ஸ்விட்ச் போட்ட உடனே ஒண்ணும் ஆகலைடா. தண்ணி சூடேற ஆரம்பிச்சதும் வீடு மொத்தமும் கரண்ட் போயிடுது” என்றாள் அக்கா. உறை (வெளியில் இருக்கும் உலோகக் குழாய்) வெடித்த காயில் பெரும்பாலும் இப்படித்தான் நடந்துகொள்ளும். குளிர்ந்திருக்கும்போது வெடிப்பு மூடிக்கொண்டிருக்கும். சூட்டில் விரிந்ததும் தண்ணீர் உள்ளே போய், கரண்ட் எர்த்துக்குக் கசியும். 30 மில்லி ஆம்பியர் கசிந்தாலே ஆர்.சி.சி.பி. (கசிவைக் கண்டால் கரண்ட்டைத் துண்டிக்கும் ஸ்விட்ச்) இறங்கிவிட வேண்டும், இறங்கியது. எனக்கு முன்னால் வந்து பார்த்த ஒரு ஆள், “எர்த் வயரைக் கழட்டி விட்டுடலாம்க்கா, அப்புறம் ட்ரிப்பே ஆகாது” என்றாராம். ஆகாதுதான். டேங்க், குழாய், அதில் வரும் தண்ணீர் எல்லாவற்றிலும் கரண்ட் காத்துக்கொண்டிருக்கும், குழாயில் யார் கை வைக்கிறார்களோ அவர்தான் எர்த். இந்த யோசனையை யார் சொன்னாலும் வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

பழைய காயிலை மல்டிமீட்டரில் பிடித்தால் 26 ஓம் சொச்சம் காட்டியது, அதாவது ஒரு குறையும் இல்லை. 230 வோல்ட்டில் 2000 வாட் காயிலுக்குக் கணக்குப்படி 26.45 ஓம் வர வேண்டும். பல பேர் இதைப் பார்த்துவிட்டு ‘காயில் நல்லா இருக்கு, வேற எங்கயோ கோளாறு’ என்று, வைத்த சூட்டில் கரண்ட்டை நிறுத்தும் தெர்மோஸ்டாட்டை மாற்றச் சொல்லிவிடுவார்கள். கரண்ட் கசிகிறதா என்று பார்க்கும் மீட்டரான மெகரில் 500 வோல்ட் கொடுத்து, முனைக்கும் உறைக்கும் நடுவில் பிடித்தேன். முள் எழும்பவே இல்லை, அதாவது நடுவில் தடுப்பே இல்லை, கசிவுதான். உள்ளே இருக்கும் நிக்ரோம் கம்பி அறுந்தால்தான் மல்டிமீட்டருக்குத் தெரியும். உறை வெடித்ததை அது காட்டும் என்று நம்பிக்கொண்டிருக்கக் கூடாது.

இனி செட்டுக்கு வருவோம். பெட்டிக்குள் காயில் பற்றவைத்த ஃபிளாஞ்ச் பிளேட் (டேங்கின் அடி வாயை மூடும் தகடு), ஒரு சிலிக்கான் கேஸ்கெட், மக்னீசியம் ஆனோட் ராடு, ஐந்து நட்டு, நாலாய் மடித்த ஒரு தாள். தெர்மோஸ்டாட்டும், சூடு மிஞ்சினால் துண்டிக்கும் கட்-அவுட்டும் கிடையாது, பழையதையே எடுத்து மாட்டிக்கொள்ள வேண்டும். அது எனக்குக் குறையாகப் படவில்லை. நன்றாக ஓடுகிற தெர்மோஸ்டாட்டை எதற்குத் தூக்கிப் போடுவது?

காயிலைக் கையில் எடுத்ததும் நான் பார்ப்பது முனை. குழாய் முடிகிற இடத்தில், கரண்ட் ஏறும் பின்னைச் சுற்றி ஒரு சீல் இருக்கும். மட்டமான காயிலில் அது பிசுபிசுப்பாக, ஒரு பக்கம் வழிந்து, மறுபக்கம் ஓட்டை தெரிகிற மாதிரி இருக்கும். இதில் சீல் வட்டம் மாறாமல், பின் நடுவில், ஆடாமல் இருந்தது. நகத்தால் கீறினேன், பெயரவில்லை. காயிலின் உயிர் அங்கேதான் இருக்கிறது என்பேன். ஏனென்றால் கம்பிக்கும் உறைக்கும் நடுவில் இடித்துத் திணித்திருக்கும் வெள்ளைப் பொடி மக்னீசியம் ஆக்சைடு. சூட்டை நன்றாகக் கடத்தும், கரண்ட்டைக் கடத்தாது. இந்த வேலைக்கென்றே பிறந்த பொடி. ஆனால் ஈரத்தைக் கண்டால் விடாமல் உறிஞ்சும். சீல் சரியில்லாத காயில் கடை அலமாரியில் சும்மா கிடந்தே கெட்டுவிடும்.

இதிலும் கொஞ்சம் ஈரம் ஏறித்தான் இருந்தது. பெட்டியிலிருந்து எடுத்தவுடன் மெகரில் 6 மெகாஓம். இது எவ்வளவு கூடுதலோ அவ்வளவு கசிவு குறைவு. ஒரு மெகாஓமுக்கு மேல் என்றால் ஓட்டலாம் என்பார்கள், ஓட்டினால் அதுவும் தானே காய்ந்துகொள்ளும். எனக்கு மனசு கேட்கவில்லை. கேஸ்கெட், ஆனோட் எதுவும் மாட்டாத வெறும் பிளேட்டை ஓவனில் 120 டிகிரி வாக்கில் சில மணி நேரம் வைத்து எடுத்தேன். ஆறிய பிறகு பிடித்தால் 500 மெகாஓமைத் தாண்டிவிட்டது. உள்ளே சரக்கு நல்ல சரக்கு, குடோனில் ரொம்ப நாள் கிடந்திருக்கிறது, அவ்வளவுதான். ஓம் அளவு 27.1. கணக்குப் போட்டால் 1950 வாட் வருகிறது. 2000 என்று எழுதியதற்கு இந்த வித்தியாசம் சகஜம். பெட்டியில் 2000 போட்டு உள்ளே 1500 வைத்த காயில்களும் என் கைக்கு வந்திருக்கின்றன. ஆகவே வாங்கிய கையோடு ஓம் பார்த்துவிடுவது நல்லது.

இன்கலாய் என்பது நிக்கல், குரோமியம், இரும்பு கலந்த உலோகம். கீசர் காயிலில் போடுவது இன்கலாய் 800. இதில் நிக்கல் 30 முதல் 35 சதவீதம், குரோமியம் 20 சதவீதத்தை ஒட்டி. ‘செம்புதானே சூட்டை நல்லா கடத்தும், அதை விட்டு இது எதுக்கு?’ என்று கஸ்டமர்கள் கேட்பதுண்டு. கடத்துவதில் செம்பு பல மடங்கு மேல் என்பது உண்மைதான். ஆனால் உறையின் தடிமன் ஒரு மில்லிமீட்டர்கூட வராது. அந்த மெல்லிய தகட்டைத் தாண்டச் சூட்டுக்கு எந்த உலோகமானாலும் பெரிய சிரமம் இல்லை. சிரமம் எல்லாம் அதன் மேல் படியும் உப்பில்தான்.

உப்புத் தண்ணீரில் கரைந்திருக்கும் கால்சியம் பைகார்பனேட் சூடு பட்டதும் பிரிந்து, கால்சியம் கார்பனேட்டாக, அதாவது சுண்ணாம்பாக, எங்கே சூடு அதிகமோ அங்கேயே ஒட்டிக்கொள்ளும். காயிலை விடச் சூடான இடம் டேங்கில் ஏது? அடுக்கு அடுக்காகப் படிந்ததும் சூடு சீக்கிரம் தண்ணீருக்குப் போக முடியாமல் உறை கொதிப்பேறும். செம்பு அந்தக் கொதிப்பில் இளகி, கறுத்து, அரித்து, கடைசியில் வளைவில் வெடிக்கும். அக்கா வீட்டுப் பழைய செம்புக் காயில் சரியாக வளைவில்தான் விட்டிருந்தது. இன்கலாய் அதே கொதிப்பைத் தாங்கும். மேலே உப்புப் படியாது என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். படியும், ஆனால் அதைப் பொறுத்துக்கொண்டு ஓடும். உங்கள் தண்ணீர் நல்ல தண்ணீர், பாத்திரத்தில் வெள்ளை படியாத தண்ணீர் என்றால் செம்பே போதும், இதற்குக் கூடக் கொடுக்க வேண்டியதில்லை.

இன்னொரு விஷயம் இந்தக் காயிலில் எனக்குப் பிடித்தது, அதன் நீளம். 8 மில்லிமீட்டர் குழாய், சூடாகும் பகுதி 80 சென்டிமீட்டர் வாக்கில். சதுர சென்டிமீட்டருக்கு 10 வாட் விழுகிறது. பழையதில் அதே 2000 வாட்டை 60 சென்டிமீட்டரில் அடைத்திருந்தார்கள், 13 வாட்டுக்கு மேல். ஒரே வாட்டில் இரண்டு காயில் கிடைத்தால் நீளமானதை எடுங்கள். மேல்தோல் சூடு குறையும், உப்புப் படிவதும் மட்டுப்படும். பெட்டியில் பெருமையாகப் போட வேண்டியது இதைத்தான். அவர்களுக்கே தெரியவில்லை போலிருக்கிறது.

அதற்குப் பதிலாகப் போட்டிருப்பது ‘மின்சாரம் மிச்சம்’. காயில் தண்ணீருக்குள் முங்கிக் கிடக்கிறது. 2000 வாட் உள்ளே போனால் 2000 வாட் சூடாகத் தண்ணீருக்குத்தான் வந்தாக வேண்டும், ஓடிப்போக வேறு வழி இல்லை. உறை செம்போ, இன்கலாயோ, மேலே உப்பு இருக்கிறதோ இல்லையோ, கணக்கு மாறாது. 15 லிட்டரை 25 டிகிரியிலிருந்து 60 டிகிரிக்கு ஏற்ற 2 கிலோவாட்டில் 18 நிமிடம் சொச்சம் ஆகும். புதுக் காயிலில் நான் பார்த்ததும் கிட்டத்தட்ட அதேதான், வாட் கொஞ்சம் குறைவு என்பதால் ஒரு நிமிடம் முன்பின். கரண்ட் பில் கூடுவது டேங்கைச் சுற்றியுள்ள ஃபோம் கெட்டுப்போய்ச் சூடு வெளியேறினால், அல்லது ஸ்விட்சை நாள் முழுக்க அணைக்காமல் விட்டால். காயிலை மாற்றி பில்லைக் குறைக்கலாம் என்று யாரும் இதை வாங்க வேண்டாம்.

கழற்றிய கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஸ்விட்சை நம்பாமல் போர்டில் எம்.சி.பி.யை (மெயின் போர்டில் இருக்கும் பிரேக்கர்) இறக்கி, டெஸ்டரோடு விடாமல் மீட்டரிலும் பார்த்து, உள்ளே வரும் வால்வை மூடி, இன்லெட் பக்கம் கழற்றி வடிய விட்டேன். தண்ணீர் வராமல் அடம்பிடித்தால் சுடுதண்ணீர்க் குழாயைத் திறந்து வையுங்கள். காற்று உள்ளே போனால்தான் தண்ணீர் வெளியே வரும். கீழ் மூடியைக் கழற்றியதும் வயர்களை போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டேன். பிளேட் இறங்கியபோது கைநிறையச் சுண்ணாம்புச் சில்லும் கூடவே கொட்டியது. பழைய ஆனோட் இருந்த இடத்தில் வெறும் கம்பி. டேங்கைக் காப்பாற்ற வேண்டிய மக்னீசியம் எப்போதோ கரைந்து போயிருந்தது. பழைய வயர் லக் (வயர் நுனியில் மாட்டும் உலோக முனை) ஒன்று பழுப்பேறி இருந்தது, வெட்டிவிட்டுப் புதிதாக ஒன்றை நசுக்கிக் கிரிம்ப் பண்ணினேன். 8.7 ஆம்பியர் ஓடுகிற இடத்தில் லூஸ் லக் இருந்தால் முதலில் எரிவது அதுதான். புதுக் காயிலில் ஸ்குரூ வைத்து இறுக்கும் முனை கொடுத்திருக்கிறார்கள், குத்திச் செருகும் முனையை விட எனக்கு இதுதான் சம்மதம்.

தெர்மோஸ்டாட் தண்டு போகும் பாக்கெட் குழாயின் ஆழமும் பழையதற்குச் சரியாக இருந்தது. கொஞ்சம் இறுக்கமாக, ஆனால் அடிவரை போய் உட்கார்ந்தது. இதைச் சோதிக்காமல் விடக் கூடாது. தண்டு பாதியில் நின்றால் தண்ணீரின் உண்மையான சூடு அதற்குத் தெரியாது, கட்-அவுட் அடிக்கடி விழும், பழி தெர்மோஸ்டாட் மேல் வரும்.

இப்போது கேஸ்கெட். பார்த்ததுமே பிடிக்கவில்லை. 3 மில்லிமீட்டர் கனம், தொட்டால் கொழகொழ, உள்வட்டம் நடு விலகி வெட்டியிருந்தது. ஒரு பக்கம் பிளேட்டின் ஓரத்தைத் தாண்டி நீட்டிக்கொண்டும், எதிர்ப்பக்கம் உள்வாங்கியும் நின்றது. கம்பெனி பழைய கேஸ்கெட்டில் டேங்கின் விளிம்பைக் கவ்வுகிற மாதிரி ஒரு உதடு இருந்தது, இதில் அது இல்லை, வெறும் தட்டை. செட்டைப் பற்றி எழுதப் போகிறோமே என்பதற்காகவே இதையே முதலில் போட்டேன். 10-ம் நம்பர் பாக்ஸ் ஸ்பேனரால், ஒன்றைத் திருகினால் அடுத்து எதிர்ப்பக்கம் என்று மாற்றி மாற்றி, கொஞ்சம் கொஞ்சமாக இறுக்கினேன். தண்ணீரைத் திறந்து, சுடுதண்ணீர்க் குழாயில் காற்று துப்புவது நின்று சீராக ஒழுகும்வரை விட்டேன். கீழே ஒரு செய்தித்தாளை விரித்து வைத்தேன். ஈரமே இல்லை.

ஸ்விட்ச் போட்டு 60 டிகிரி ஏறி கட் ஆன பிறகு போய்ப் பார்த்தால் தாளில் பொட்டுப் பொட்டாக ஈரம். இதில் மர்மம் எதுவும் இல்லை. தண்ணீர் 25-லிருந்து 60 டிகிரி போனால் பருமன் 1.4 சதவீதம் கூடும். 15 லிட்டருக்கு 200 மில்லிக்கு மேல். வந்த வழியே திரும்பாமல் நான்-ரிட்டர்ன் வால்வு தடுத்துவிடுவதால் உள்ளே அழுத்தம் ஏறும், 8 பார் வந்தால்தான் சேஃப்டி வால்வு கொஞ்சம் கொஞ்சமாக விடும். குளிர்ந்த தண்ணீரில் ஒழுகாத கேஸ்கெட், இந்த அழுத்தத்தில் தன் வண்டவாளத்தைக் காட்டிவிட்டது. இன்னும் இறுக்கினால் நிற்குமே என்று தோன்றும். சிலிக்கானை இறுக்க இறுக்க அது ஓரமாகப் பிதுங்கிக்கொண்டு போகுமே தவிர அடைக்காது. மறுபடி எல்லாவற்றையும் இறக்கி, உதடு வைத்த தடித்த ஈ.பி.டி.எம். ரப்பர் கேஸ்கெட் ஒன்றைத் தனியாக வாங்கிப் போட்டேன். அதோடு சரி, அதன் பிறகு தாள் நனையவே இல்லை. முதல் சூடு ஏறி ஆறிய பின் நட்டுகளை ஒரு சுற்று பார்த்துக்கொண்டேன், கால் திருகு போயிற்று.

நல்ல காயிலோடு இப்படி ஒரு கேஸ்கெட்டை ஏன் சேர்த்துக் கொடுக்கிறார்கள் என்று எனக்குப் புரியவே இல்லை. ஒழுகும் தண்ணீர் நேராகக் கீழே இருக்கும் வயர் முனைகளின் மேல்தான் சொட்டும். கஸ்டமர் என்ன நினைப்பார்? காயில் மாற்றியும் ட்ரிப் ஆகுது, வேலை செய்தவன் சரியில்லை என்றுதான்.

ஆனோட் ராடுக்கு வந்தால், மக்னீசியம்தானா என்று சந்தேகம். கையில் எடுத்தால் இதே அளவு அலுமினியத்தை விட லேசாக இருந்தது. நம்பிக்கைக்காக அரத்தால் கொஞ்சம் தூள் தேய்த்து வினிகரில் போட்டேன். சுர்ரென்று நுரைத்துப் பொங்கியது. அலுமினியம் அப்படி உடனே பொங்காது. ஆக, சரக்கு நிஜம், ஆனால் கம்பெனி ராடை விட ஒல்லி, சீக்கிரம் தீரும். காயிலைப் பிளேட்டோடு நேராகப் பற்றவைத்திருப்பதால், மக்னீசியத்தின் ஒரு பங்கு டேங்கை விட்டுவிட்டு இன்கலாய்க்கே செலவாகும். அதனால் அடுத்த சர்வீஸில் இதைக் கழற்றிப் பார்க்காமல் விடமாட்டேன். கண்ணாடிப் பூச்சு டேங்குக்கு ஆனோட் தீர்ந்து போவது என்பது கடிகாரம் ஓட ஆரம்பித்த மாதிரி. டேங்க் ஓட்டையானால் கீசரையே மாற்ற வேண்டியதுதான்.

நாலாய் மடித்த தாளைப் பற்றி ஒரு வார்த்தை. வண்ணப் படம் இருக்கிறது, நன்றி சொல்லியிருக்கிறார்கள், வாரண்டி விதிகள் இருக்கின்றன. டேங்கில் தண்ணீர் நிரப்பாமல் ஸ்விட்ச் போடாதே என்கிற ஒரே ஒரு முக்கியமான வரி இல்லை. தண்ணீர் இல்லாமல் ஓடினால் இன்கலாயாக இருந்தாலும் சில நிமிடத்தில் செவ்வென்று சிவந்து நாசமாகிவிடும். அப்படிப் போனதற்கு வாரண்டி கிடையாது என்பதை மட்டும் மறக்காமல் போட்டிருக்கிறார்கள்.

வாங்குவதற்கு முன் பழைய பிளேட்டைக் கழற்றி, நட்டுத் துளைகளின் எண்ணிக்கை, எதிரெதிர்த் துளைகளின் தூரம், காயில் எந்தப் பக்கம் வளைகிறது என்பதையெல்லாம் அளந்துகொள்ளுங்கள். நின்றவாக்கில் மாட்டும் கீசரின் காயில் படுக்கைவாட்டு கீசருக்கு உதவாது. அதில் காயில் மேல்நோக்கி நின்றால் பாதி தண்ணீருக்கு வெளியே போய்விடக்கூடும். வயர் வேலை கைவராதவர்கள் செட்டை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டு ஆளைக் கூப்பிடுவது உத்தமம், மெகர் வைத்திருக்கிற ஆளாகப் பார்த்துக் கூப்பிடுங்கள்.

அக்கா வீட்டில் ட்ரிப் நின்றுவிட்டது, ஆர்.சி.சி.பி.யின் டெஸ்ட் பட்டனை அழுத்தினால் மட்டும் விழுகிறது. பிளேட்டும் காயிலும் மட்டும் தனியாகக் கிடைக்குமா என்று விற்றவரிடம் கேட்டிருக்கிறேன். கிடைத்தால் கஸ்டமர் வீடுகளுக்கும் இதையே எடுப்பேன். நல்ல கேஸ்கெட் என் பையில் எப்போதும் கிடக்கிறது.